என்ர கதையை மாத்தாதேங்கோ

மல்லாவிச் சந்தையில் யோசெப் குனிந்து கத்தரிக்காய் பொறுக்கிக்கொண்டிருந்தார். வியாபாரம் செய்த பெண் அவரை உற்றுப் பார்த்துவிட்டு, பக்கத்தில் வெங்காயம் விற்றவளின் தோளில் இடித்தாள்.

“எடியே, இவர் ரீவியில வாற வட்டிக்காரன் எல்லே! அந்தப் பெட்டையின்ர தாலிக்கொடியைப் பறிச்சவன்!”

யோசெப்பின் முகம் மலர்ந்துவிட்டது. “ஓம் தங்கச்சி. நான்தான்.”

அவளுடைய முகம் சுருங்கியது. “இல்லை, நீங்கள் இல்லை. அவற்ற குரல் வேற.”

“நடிச்சது நான் பிள்ளை. குரல் மட்டும் வேற ஆள்.”

“சும்மா போங்கோ ஐயா. நான் ஒரு நாளும் விடாமல் பாக்கிறனான். எனக்குத் தெரியாதே?”

வெங்காயக்காரி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். “கத்தரிக்காயை மலிவா வாங்குறதுக்கு ஆக்கள் என்ன வேசமெல்லாம் போடுதுகள் பார்.”

யோசெப் கேட்ட விலையைக் கொடுத்துவிட்டுப் பையைத் தூக்கிக்கொண்டு நடந்தார். தாலிக்கொடியைப் பறித்தவன் என்று திட்டியிருந்தால் கூட அவருக்குச் சந்தோசமாக இருந்திருக்கும். நீ அவன் இல்லை என்று சொன்னதுதான் சுட்டது. ஏனென்றால் அந்தப் பெண் சொன்னதில் பொய் இல்லை. முகத்தை விற்று, குரலை வெளியே நிறுத்திவைத்த வாழ்க்கைதான் அவருடையது.

முல்லைத்தீவுக் கரையில் பிறந்தவர் யோசெப். தகப்பன் கரைவலைக்காரர். வலை இழுக்கிறபோது ஒருவர் முன்னால் நின்று பாட்டெடுத்துக் கொடுக்க, மற்றவர்கள் பின்பாட்டுப் பாடிக்கொண்டு இழுப்பார்கள். மீசை முளைக்கும் முன்பே அந்த முன்பாட்டு யோசெப்பின் வாய்க்கு வந்துவிட்டது. கடற்காற்றை வெட்டிக்கொண்டு அடுத்த மீன்வாடிவரைக்கும் போகிற குரல். அந்தக் குரலைக் கேட்டுத்தான் பங்குச் சுவாமி அவரைத் தவக்காலத் திருப்பாடுகளின் நாடகத்தில் இயேசுவின் சீடர் இராயப்பர் ஆக்கினார். ‘அந்த மனிதனை நான் அறியேன்’ என்று மூன்றாம் முறையும் மறுதலித்துவிட்டு இராயப்பர் அழுத அழுகையில், மணலில் இருந்த சனம் முழுவதும் சேர்ந்து அழுதது.

அன்றைக்குப் பெண்கள் பக்கத்தில், தூணுக்குப் பின்னால் அகப்பட்டு மேடையே தெரியாமல் இருந்தவள் சுசிலா. “இது ஆரின்ர குரல்?” என்று தமக்கையிடம் கேட்டவள், நாடகம் முடிந்ததும் சனத்தை இடித்துக்கொண்டு போய் ஆளைப் பார்த்தாள். “குரலுக்கு ஏற்ற முகம் இல்லை. பரவாயில்லை எண்டு கட்டினனான்” என்று கல்யாணத்துக்குப் பிறகு எத்தனையோ தரம் சொல்லிச் சிரித்திருக்கிறாள்.

போர்க்காலத்தில் வன்னிக்குள் எடுத்த வீடியோப் படங்களில் யோசெப் இல்லாத படம் குறைவு. கள்ளுக் குடிக்கிற தகப்பன், கண்டிப்பான பள்ளிக்கூட அதிபர், பாதிரியார், பதுக்கல் வியாபாரி, நாட்டு மருந்து கொடுக்கிற பரியாரி, பைத்தியக்காரன். எந்த வேசத்தைக் கொடுத்தாலும் அவருடைய நடை மாறும், கழுத்து மாறும், கை மாறும். பள்ளிக்கூட வளவுகளில் வெள்ளைத் துணி கட்டி, ஜெனரேற்றர் இரைச்சலுக்குள் அந்தப் படங்களைப் போடுவார்கள். சுசிலா மகள் யதுசாவை மடியில் வைத்துக்கொண்டு முன்வரிசையில் இருப்பாள். திரையில் புருசன் வாய் திறக்கும்போதெல்லாம் பக்கத்தில் இருப்பவளின் தொடையில் கிள்ளுவாள்.

அந்தக் கசெற்றுகளில் ஒன்றுகூட மிஞ்சவில்லை. கடைசி இடப்பெயர்வில், ஏதோ ஒரு பங்கருக்குள், துணிப் பையோடு கிடந்து போயின. உயிரைக் கொண்டுவந்ததே பெரிய காரியம் என்று எல்லோரும் சொன்னார்கள். யோசெப்பும் அப்படித்தான் சொன்னார்.

ஆனால் சுசிலா கொண்டுவந்த உயிருக்குள் சீனி வருத்தம் என்கிற நீரிழிவும் இருந்தது. வவுனியா முகாமின் தறப்பாள் கொட்டிலில், கிடைத்ததைத் தின்று, கிடைக்காத மருந்துக்குக் காத்திருந்த மாதங்களில் அது அவளுடைய கண்ணுக்குள் இறங்கிவிட்டது. ஊருக்குத் திரும்பிவந்தபோது அவளுக்குப் புகைபோலத் தெரிந்தது. பிறகு வெளிச்சம் மட்டும் தெரிந்தது. பிறகு அதுவும் இல்லை. யாழ்ப்பாணத்தில் இரண்டு முறை வெட்டிப் பார்த்த டொக்டர், இனி வரவேண்டாம் என்று தன்மையாகச் சொல்லி அனுப்பினார்.

அந்தப் பாவி விதி, அதற்குப் பிறகுதான் யோசெப்பைத் தேடித் தேடி வேலை கொடுத்தது.

கொழும்பில் இருந்து வந்த சிங்களத் தொடர் ஒன்றில் மீனவன் வேசம். யோசெப்பின் சிங்களம் சரிவராதென்று அந்த மீனவனையே ஊமையாக்கிவிட்டார்கள். யாழ்ப்பாணத்துப் பொடியள் எடுத்த குறும்படங்களில் மைக்குக்குள் காற்று இரைகிறதென்று படத்தை எடுத்த டிரைக்ரரே அவருக்குக் குரல் கொடுத்தார். ரீவித் தொடரில் வட்டிக்காரனாக வந்தபோது, “உங்கட தமிழ் கரையோரத் தமிழாக் கிடக்கு அண்ணை” என்று சொல்லி, செய்தி வாசிக்கிற ஒருவரைக் கொண்டுவந்து பேசவைத்தார்கள். இந்தியாவில் இருந்து வந்த படப்பிடிப்புக் குழு ஒன்று அவரை அகதிக் கிழவனாக்கி, குரலைச் சென்னையில் ஒட்டிக்கொண்டது.

ஒவ்வொரு முறையும் சுசிலா ரீவிக்குப் பக்கத்தில் கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு காதைக் கொடுத்து இருப்பாள்.

“இப்ப கதைக்கிறது நீங்களோ?”

“ஓம். ஆனால் குரல் வேற ஆள்.”

“உங்களுக்கு எத்தினை வாயப்பா?” என்று சிரித்துவிட்டு எழும்பிக் குசினிக்குள் போய்விடுவாள். அங்கே சட்டி பானைகளின் சத்தம் கொஞ்சம் கூடுதலாகக் கேட்கும். யோசெப் ரீவியை நிறுத்திவிடுவார்.

ஒரே ஒரு படம். அவள் காதில் விழும்படி, அவருடைய சொந்தக் குரலில் ஒரே ஒரு படம். பரிசும் பொன்னாடையும் அவர் கேட்கவில்லை. வயது அறுபத்தேழு ஆகிவிட்டது. அவளுக்குக் கால் வீங்கத் தொடங்கியிருந்தது. சிறுநீரகமும் களைத்துவிட்டதென்று கிளினிக்கில் சொல்லியிருந்தார்கள். காலம் இருக்கிறதென்று இனியும் ஏமாற முடியாது.

அந்த நேரம் பார்த்துத்தான் சுஜிதன் வந்தான்.

சுஜிதன் வட்டக்கச்சிப் பொடியன். சென்னையில் சினிமாப் படித்துவிட்டு வந்தவன். வெளிநாட்டில் இருந்த ஒருவர் பணம் போட, முழுநீளப் படம் எடுக்கப்போவதாகச் சொன்னான். மகளை வெளிநாட்டுக்கு அனுப்பிவிட்டு, அவள் திரும்ப வருவாளென்று ஒவ்வொரு நாளும் பஸ் தரிப்பிடத்தில் போய் நிற்கிற தகப்பனின் படம். யோசெப்தான் தகப்பன். படம் முழுக்க அவர்தான்.

“ஐயா, நீங்கள் இல்லாட்டி இந்தப் படமே இல்லை” என்றான்.

யோசெப் உடனே ஓம் சொல்லவில்லை. வாசலில் நின்ற சுசிலாவை ஒருமுறை திரும்பிப் பார்த்தார்.

“தம்பி, நான் ஒண்டே ஒண்டுதான் கேக்கிறன். என்ர கதையை மாத்தமாட்டியளே?”

சுஜிதன் நிமிர்ந்து உட்கார்ந்தான். அவனுடைய கண்ணில் தண்ணீர் கட்டிவிட்டது.

“ஐயா, இதை நீங்கள் கேட்டதே எனக்குப் பெருமை. கதையில ஆரையும் கை வைக்க விடமாட்டன். காசு போடுறவர் வந்து காலில விழுந்தாலும் கதையை மாத்தமாட்டன். அம்மா கேக்கச் சொல்லுறன், இது சத்தியம்.”

வாசலில் நின்ற சுசிலா சிலுவை அடையாளம் போட்டுக்கொண்டாள்.

அன்றிலிருந்து அந்த வீட்டில் வசனப் பாடம் தொடங்கியது. யதுசா முன்பள்ளியில் படிப்பிக்கிறவள். வேலை முடிந்து வந்து தாள்களை உரக்க வாசிப்பாள். கேட்டுக் கேட்டே சுசிலாவுக்கு எல்லாம் பாடமாகிவிட்டது. கருவாட்டைத் தடவித் தடவிப் பிரித்துக்கொண்டே மகளாக நடிப்பாள். யோசெப் தகப்பன்.

“நான் போறன் அப்பா.”

“போறன் எண்டு சொல்லாதை பிள்ளை. போறன் எண்டு சொல்லிக்கொண்டு போனதுகள் ஒண்டும் வரேல்லை. போட்டு வாறன் எண்டு சொல்லு.”

“இன்னும் கொஞ்சம் ஆறுதலாச் சொல்லுங்கோ” என்பாள் சுசிலா. “போனதுகள் எண்டு சொல்லேக்க தொண்டை அடைக்கவேணும். ஆனால் அழக்கூடாது. அழுதா அவள் பஸ் ஏறமாட்டாள்.”

“உனக்கு டிரைக்ரர் எண்ட நினைப்போ?”

“உங்கட டிரைக்ரரை விட எனக்கு உங்கட தொண்டையைத் தெரியும்.”

படப்பிடிப்பு நடந்தது. அந்தப் பிரிவுக் காட்சியைப் புளியங்குளம் சந்தியில் எடுத்தார்கள். யோசெப் அந்த வசனத்தைச் சொல்லி முடித்தபோது, கமரா பிடித்தவன் தோளால் கண்ணைத் துடைத்தான். தேத்தண்ணிக் கடைக்காரர் காசு வாங்க மறுத்தார். “நல்லாக் கதைச்சியள் அண்ணை” என்றார். அந்த ஒரு வார்த்தையை யோசெப் வீடு வரைக்கும் கொண்டுவந்து சுசிலாவிடம் கொடுத்தார்.

கிளிநொச்சியில் ஒரு மண்டபத்தில் படத்தைப் போட்டார்கள். பின்னேரக் காட்சி. சுசிலா கல்யாண வீட்டுக்குக் கட்டுகிற சேலையைக் கட்டியிருந்தாள். வீங்கிய காலுக்குச் செருப்புக் கொள்ளாமல், யதுசாவின் செருப்பைப் போட்டுக்கொண்டு வந்தாள். முன்வரிசையில் அவள் நடுவில், யோசெப் ஒரு பக்கம், யதுசா மறுபக்கம்.

விளக்கு அணைந்தது. குருவிச் சத்தம் கேட்டது. பஸ் ஒன்று இரைந்துகொண்டு வந்தது. திடீரென்று மண்டபம் முழுவதும் கைதட்டியது. பின்னால் யாரோ விசில் அடித்து, “எங்கட யோசெப்பண்ணை!” என்று கத்தினார்கள்.

சுசிலா அவருடைய கையைப் பிடித்தாள். “வந்திட்டியளோ?”

“ஓம். வந்திட்டன்.”

“எப்பிடி இருக்கிறியள்?”

“கிழவனா இருக்கிறன்.”

அவள் சிரித்தாள். அந்தச் சிரிப்பு முடிவதற்குள் திரையில் இருந்த யோசெப் வாயைத் திறந்தார்.

“என்னம்மா, இவ்வளவு நேரம் ஆயிடுச்சு? சாப்பிட்டியா?”

கனமான, மெருகான, யாரோ ஒரு மனிதனின் குரல்.

 ஒரு காட்சிதானாக்கும் என்று யோசெப் நினைத்தார். அடுத்த காட்சியும் அந்தக் குரல்தான். அதற்கடுத்ததும் அதுதான். திரையில் வட்டக்கச்சி வாய்க்கால் ஓடியது, வட்டக்கச்சி வயல் விளைந்தது, அதன் நடுவில் நின்று அவருடைய முகம் சென்னைத் தமிழ் பேசியது.

சுசிலா தலையைச் சரித்து, காதைத் திரைப் பக்கம் நீட்டிக்கொண்டிருந்தாள். நெடுநேரம் பொறுத்துப் பார்த்தாள். பிறகு மெதுவாகக் கேட்டாள்.

“இஞ்சாருங்கோ, உது ஆர் கதைக்கிறது?”

 யதுசாதான் தாயின் பக்கம் குனிந்தாள். “அம்மா, அது அப்பாதான்...”

“அப்பாவின்ர குரல் எனக்குத் தெரியாதோடி?”

புளியங்குளம் சந்தி வந்தது. பஸ் நின்றது. மகளாக நடித்த பெட்டை பையைத் தூக்கினாள். சுசிலாவுக்குச் சத்தத்திலேயே இடம் விளங்கிவிட்டது. அவளுடைய உதடு தானாக அசைந்தது. நான் போறன் அப்பா. திரையில் அந்தப் பெட்டை, “நான் போறேம்பா” என்றாள்.

அடுத்தது அவருடைய வசனம். சுசிலாவின் விரல்கள் அவருடைய மணிக்கட்டை நெரித்தன.

திரையில் அந்தக் குரல் வாயெடுத்த அதே கணத்தில் யோசெப் இருந்த இடத்தில் இருந்தே பேசினார்.

“போறன் எண்டு சொல்லாதை பிள்ளை!”

கரைவலைக்கு முன்பாட்டுப் பாடிய குரல். மண்டபத்தின் கூரையில் பட்டுத் திரும்பியது.

“போறன் எண்டு சொல்லிக்கொண்டு போனதுகள் ஒண்டும் வரேல்லை...”

“ஆரப்பா உது? படம் பாக்க விடுங்கோவன்!” என்று பின்னால் ஒருவன் கத்தினான்.

“குடிச்சிட்டு வந்து முன்னுக்குக் குந்தியிருக்குதுகள்” என்றாள் ஒரு பெண்.

யோசெப் நிறுத்தவில்லை. அவருடைய கண் திரையில் இருந்த உதடுகளைப் பிடித்துக்கொண்டு ஓடியது. ஒரு காலம் அந்த உதடுகள் அவருடையவை. “போட்டு வாறன் எண்டு சொல்லு...”

ரோச்லைற் வெளிச்சம் ஒன்று முகத்தில் அடித்தது. மண்டபத்தில் தொண்டுக்கு நின்ற ஒருவன் குனிந்து, “ஐயா, கொஞ்சம் அமைதியா இருங்கோ. மற்ற ஆக்கள் நடிப்பைப் பாக்கவேணும்” என்றான். வெளிச்சம் கண்ணைக் கூச, ஆளை அவன் அடையாளம் காணவில்லை. திரையில் யோசெப் கண்ணீரை அடக்கிக்கொண்டு நின்றார். சனம் மூக்கை உறிஞ்சிக்கொண்டு அந்த யோசெப்பைப் பார்த்தது. இந்த யோசெப் வாயை மூடிக்கொண்டார்.

“அடுத்ததையும் சொல்லுங்கோ” என்று சுசிலா கெஞ்சினாள். “இன்னும் இருக்கே. சொல்லுங்கோவன்.”

அவர் அவளுடைய கையைத் தன் மணிக்கட்டில் இருந்து கழற்றி, அவளுடைய மடியில் வைத்தார்.

படம் முடிந்து வெளிச்சம் வந்ததும் சனம் எழும்பி நின்று கைதட்டியது. சுஜிதன் ஓடிவந்து யோசெப்பின் காலைத் தொட்டான்.

“ஐயா! பாத்தியளே சனத்தை! எல்லாரும் அழுகினம்!”

“தம்பி, என்ர கதையை மாத்தமாட்டன் எண்டு சத்தியம் பண்ணினியள்.”

“ஒரு வரி மாத்தேல்லையே ஐயா.” சுஜிதன் உண்மையாகவே திகைத்துப்போனான். “முடிவு சோகமா இருக்கு, மகள் திரும்பி வாற மாதிரி மாத்து எண்டு காசு போட்டவர் எவ்வளவு சண்டை பிடிச்சவர் தெரியுமே? நான் விடேல்லை. உங்களுக்குத் தந்த சத்தியத்தை நினைச்சுத்தான் விடேல்லை. கதை அப்பிடியே இருக்கு.”

 மெல்ல மெல்லத்தான் யோசெப்புக்கு வெளித்தது.

“நான் படத்தின்ர கதையைக் கேக்கேல்லையடா மோனே” என்றார். “என்ர வாயால கதைக்கிற கதையைக் கேட்டனான்.”

 பேச்சு என்ற அர்த்தத்தில், பிறந்ததில் இருந்து சுஜிதனும் கதைத்த சொல்தான். அவனுடைய தாய் குசினிக்குள் இருந்து, ‘என்ன அங்க கதை, வந்து சாப்பிடு’ என்று கூப்பிட்ட சொல். சென்னையில் இருந்த மூன்று வருசத்தில் அந்தச் சொல்லுக்கு வேறு அர்த்தம் ஏறி உட்கார்ந்துவிட்டது.

“ஐயா... எங்கட தமிழ் இந்தியாவில விளங்காதாம். விளங்காட்டிப் படத்தை வாங்கமாட்டினமாம். அதுதான் டப்பிங்... உங்களைக் கூப்பிட்டா நீங்கள் ‘ஆமா, வாங்க’ எண்டு கதைக்கக் கஷ்டப்படுவியள் எண்டு...”

சொல்லிக்கொண்டே வந்தவன் யோசெப்பின் முகத்தைப் பார்க்கமுடியாமல் சுசிலாவின் பக்கம் திரும்பினான். அங்கே ஒரு நல்ல சொல் கிடைக்குமென்று நினைத்தானோ என்னவோ.

“அம்மா, நீங்கள் சொல்லுங்கோ. ஐயா எப்பிடி நடிச்சிருக்கிறார்?”

சுசிலா அவனுடைய குரல் வந்த பக்கம் முகத்தைத் திருப்பினாள். கோபம் ஒரு துளியும் இல்லை. கல்யாண வீட்டில் விருந்தாளி கேட்பதுபோலக் கேட்டாள்.

“ஏன் தம்பி, ஐயாவும் படத்தில வந்தவரோ?”

மூன்று பேரும் வாடகை வான் பிடித்து வீட்டுக்கு வந்தார்கள். அதன் பிறகு வசனப் பாடம் என்ற பேச்சே அந்த வீட்டில் எழவில்லை. பத்திரிகையில் படத்தைப் பற்றி எழுதினார்கள். ‘உள்ளத்தை உருக்கும் குரல்’ என்று எழுதியிருந்ததை யதுசா வாசிக்கத் தொடங்கி, பாதியில் நிறுத்திப் பத்திரிகையை மடித்து அலுமாரிக்கு மேல் எறிந்தாள்.

மாரி தொடங்கிய பிறகு யாழ்ப்பாணத்தில் இருந்து அனோஜன் என்றொருவன் ரெலிபோன் எடுத்தான். புதுத் தொடர் ஒன்றுக்கு ஆள் சேர்க்கிறவன்.

“ஐயா, சின்ன வேசம்தான். சொல்லக் கூச்சமாக் கிடக்கு. செத்தவீட்டுக் காட்சி. நீங்கள் பிணமாப் படுத்திருக்கவேணும். முகத்தைக் கிட்டவா எடுப்பினம், அதுதான் நல்ல நடிகர் வேணுமாம்.”

“வசனம் இருக்கோ?”

“பிணத்துக்கு என்ன வசனம் ஐயா!” அனோஜன் சிரித்தான்.

“அப்ப வாறன்” என்றார் யோசெப்.

மத்தியானச் சாப்பாடு முடிந்ததும் பாயை விரித்து மல்லாந்து படுத்தார். கையிரண்டையும் நெஞ்சில் கோத்துக்கொண்டு கண்ணை மூடினார். சுசிலா சுவரைப் பிடித்துக்கொண்டு வந்து பக்கத்தில் இருந்தாள். என்ன செய்கிறீர்கள் என்று அவள் கேட்கவில்லை. ரெலிபோன் கதை முழுவதும் அவளுக்குக் கேட்டிருந்தது. குனிந்து, காதை அவருடைய வாய்க்குக் கிட்டக் கொண்டுபோனாள்.

“மூச்சு கேக்குது” என்றாள். “இன்னும் அடக்குங்கோ.”

அவர் அடக்கினார்.

“தொண்டையில ஏதோ இரையுது. அதையும் நிப்பாட்டுங்கோ.”

அவர் நிறுத்தினார். வெளியே மழை விட்டிருந்தது. சுசிலா காதை எடுக்காமல் நெடுநேரம் அப்படியே குனிந்திருந்தாள். பிறகு நிமிர்ந்து, சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

“இப்ப சரி” என்றாள். “ஒண்டும் கேக்கேல்லை.”